போய்விட்டதாக வைத்துக்கொண்ட நாள்

ஆம்பூரில் நாங்கள் குடியிருந்த தெருவில் கிரேக்கர்களைப் பற்றிப் பேசுகிற ஒரே மனிதர் என் கணவர்தான் என்று கல்யாணமான புதிதில் நினைத்துக்கொண்டிருந்தேன். அது சரியில்லை என்று பிறகு தெரிந்தது. அதற்குள் அவர் கப்பல் ஏறிவிட்டார்.

அவர் ஒரு தோல் மண்டியில் இங்கிலீஷ் கடிதங்கள் எழுதும் குமாஸ்தா. நான் மிஷன் பெண்கள் பள்ளியில் சின்ன வகுப்பு டீச்சர். அவர் வேலூரில் எஃப்.ஏ. வரை படித்தவர்; தகப்பனார் இறந்ததும் படிப்பு நின்றுபோனது. நின்றுபோன படிப்பிலிருந்து அவர் கையோடு எடுத்துவந்தது ஸ்தோயிக்கர்கள் என்ற கிரேக்க ஞானிகளை மட்டும்தான். எங்கள் கிறிஸ்தவக் குடும்பங்களுக்கு அந்தப் பெயர் புதிதல்ல. அப்போஸ்தலர் அத்தேனே பட்டணத்துக்குப் போனபோது அவரோடு வாதாடிய ஞானிகளில் அவர்களும் இருந்தார்கள் என்று ஓய்வுநாள் பள்ளியில் எல்லோரும் கேட்டிருக்கிறோம். எனக்கு அவர்கள் அந்த ஒரு வரியில் வந்து அதே வரியில் போய்விட்டவர்கள். அவருக்கோ அவர்கள் பக்கத்து வீட்டுக்காரர்களைப் போல.

கூரை ஒழுகும். நான் பாத்திரங்களை அங்கும் இங்கும் வைத்துக்கொண்டு புலம்புவேன். அவர் சொல்வார்: "மழை நம்ம கையில இல்ல. பாத்திரம் வெக்கிறது நம்ம கையில இருக்கு. மொதல்ல இந்த ரெண்டையும் பிரிச்சுக்கணும். அவங்க சொன்னதே அவ்ளோதான்."

"ஓடு மாத்தறது யார் கையில இருக்கு?" என்று கேட்பேன்.

சிரித்துவிடுவார். ஆனால் அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஏணி போட்டு ஏறி ஓடு மாற்றினார். அவரிடம் எனக்குப் பிடித்தது அதுதான். மண்டி முதலாளி பத்துப் பேர் எதிரில் திட்டினாலும், மதராஸுக்கு அனுப்பிய தோல் சரியில்லை என்று திரும்பி வந்தாலும், அவர் முகம் மாறாது. மாலையில் கைகால் கழுவிக்கொண்டு வந்து உட்கார்ந்தால், அன்று எதில் கோபப்பட்டேன், எதற்கு வீணாகப் பயந்தேன் என்று எனக்குக் கேட்கும்படியாகவே தன்னைத்தானே விசாரித்துக்கொள்வார். இதுவும் அந்தக் கிரேக்கர்களின் வழக்கமாம். என்னையும் கேட்பார். "இன்னிக்கு ரெண்டு புள்ளைங்கள அடிச்சேன். ஒருத்திய அடிச்சிருக்க வேணாம்" என்று நானும் ஒப்பிப்பேன். குறை சொல்லமாட்டார். "நாளைக்குப் பாத்துக்கலாம்" என்பார். பிறகு சாப்பிடுவோம்.

பெரிய யுத்தம் வந்தது. பட்டாளத்துக்குப் பூட்ஸ் வேண்டும், பூட்ஸுக்குத் தோல் வேண்டும். எங்கள் ஊர் தோல்ஷாப்புகளில் ராப்பகலாக வேலை நடந்தது. தோல் பதனிட ஆவாரம்பட்டை ஏற்றிய வண்டிகள் தெருவை அடைத்துக்கொண்டு நிற்கும். தோலைப் பார்வையிட வந்த ராணுவ அதிகாரி ஒருவர் என் கணவரின் இங்கிலீஷ் எழுத்தைப் பார்த்துவிட்டு, பஸ்ராவில் இருக்கும் சப்ளை கிடங்குக்குக் குமாஸ்தா வேண்டும், வருகிறாயா என்று கேட்டிருக்கிறார். இவர் அங்கேயே சரி என்று சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்தார்.

நான் சண்டை போட்டேன். எவ்வளவோ காரணம் சொன்னார். கடைசியில்தான் உண்மையான காரணம் வந்தது. தலையைக் குனிந்துகொண்டு சொன்னார்: "பஸ்ரா போனா கிரீஸுக்குப் பாதி வழி போன மாதிரி. சண்டை முடிஞ்சதும் ஒரு தடவ எட்டிப் பாத்துட்டு வந்துடலாம்னு ஒரு ஆசை."

பள்ளிக்கூடத்து உலகப் படத்தில் பார்த்தேன். கிரீஸுக்குக் கப்பல் போகிற வழியே அது இல்லை. ஆனால் ஆசை என்று அந்த மனிதர் வாயிலிருந்து வந்த முதல் சொல் அது. அதற்கு மேல் எனக்குச் சண்டை போட வரவில்லை.

கிளம்புவதற்கு முந்தின சனிக்கிழமை காலையில் ஒரு யோசனை சொன்னார். இழக்கப்போவதை முன்கூட்டியே மனதில் இழந்து பார்த்துக்கொண்டால், உண்மையில் இழக்கும்போது அது நம்மை அடித்துப்போடாது என்பது அவருடைய ஞானிகளின் பாடம். "இன்னிக்கு ஒரு நாள் நான் போய்ட்டேன்னு வெச்சுக்கோ. நான் இங்கதான் இருப்பேன். ஆனா நீ என்கிட்ட பேசக்கூடாது, என்னப் பாக்கக்கூடாது. ஒருத்திக்கு மட்டும் சமை. பொழுது சாயற வரைக்கும்."

"பைத்தியமா உங்களுக்கு?"

"ஒரு நாள்தானே."

சரி என்றேன். அவர் சன்னலோரம் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டார். நான் ஒருத்திக்கு அரிசி களைந்தேன். கை பழக்கத்தில் இருவருக்கு அள்ளிவிட்டு, பாதியைத் திரும்பப் பானையில் போட்டேன்.

பக்கத்து வீட்டில் ஒரு ஹக்கீம், முஸ்லிம் வைத்தியர், குடும்பத்தோடு இருந்தார். ஹக்கீமின் மனைவியை நான் அக்கா என்று கூப்பிடுவேன். வீட்டில் உருது பேசுவார்கள், எங்களோடு தமிழ். பதினோரு மணிவாக்கில் அக்கா தயிருக்கு உறை கேட்டுக்கொண்டு பின்பக்கமாக வந்தாள். அவரைப் பார்த்ததும் முக்காட்டை இழுத்துக்கொண்டு, "இன்னா தங்கச்சி, உன் வூட்டுக்காரரு மண்டிக்குப் போகலியா?" என்று மெதுவாகக் கேட்டாள்.

"அவர் ஊர்ல இல்லக்கா" என்றேன்.

அக்கா சன்னலோரத்தைப் பார்த்தாள். அவர் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். அக்கா என்னைப் பார்த்தாள். உறையை வாங்கிக்கொண்டு போனவள், சிறிது நேரத்தில் ஒரு கிண்ணத்தில் ஷர்பத்தோடு திரும்பி வந்தாள். "ரெண்டு பேருமா குடிங்க. புருஷன் பொஞ்சாதிக்குள்ள பேஜார் வர்றதுதான். சூடு கொறஞ்சா சரியாப்பூடும்" என்று என் கையில் வைத்துவிட்டுப் போனாள். சன்னலோரத்திலிருந்து ஒரு சிரிப்புச் சத்தம் கிளம்பி, இருமலாக மாறியது. நான் திரும்பிப் பார்க்கவில்லை.

மத்தியானம் முதுகைக் காட்டிக்கொண்டு தனியாகச் சாப்பிட்டேன். ரசமும் சுட்ட கருவாடும். அவருக்குக் கருவாடு என்றால் உயிர். அவர் எழுந்து போய்த் தண்ணீர் மொண்டு குடிக்கும் சத்தம் கேட்டது. பிறகு மறுபடியும். கருவாட்டில் பாதியை மூடி வைத்துவிட்டு எழுந்தேன்.

வெயில் தாழ்ந்ததும் கொடியில் காய்ந்த துணிகளை எடுத்துவந்தேன். அவருடைய சட்டை ஒன்று இருந்தது. ஊரில் இல்லாதவரின் சட்டையை என்ன செய்வது? ஆணியில் மாட்ட வேண்டியதில்லை. நாளைக்கு யாரும் போடப்போவதில்லை. மடித்து, பெட்டியைத் திறந்து அடியில் வைத்தேன். மூடியைச் சாத்தும்போதுதான் அழுகை வந்தது. அதுவரை அது விளையாட்டாக இருந்தது.

அவர் எழுந்து வந்து என் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார். "போதும். நான் வந்துட்டேன்" என்றார்.

"இன்னும் பொழுது சாயல" என்றேன்.

"பரவால்ல. சீக்கிரம் வந்துட்டேன்."

மிச்சமிருந்த கருவாட்டையும் ஷர்பத்தையும் அவருக்குக் கொடுத்தேன். அவர் சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். அன்றைய நாளை விசாரிக்கும் நேரம் வந்தபோது, "போனா எப்படி இருக்கும்னு இப்ப தெரிஞ்சுதா?" என்று கேட்டார்.

"தெரிஞ்சுது. போகாதீங்க."

ஆனாலும் அவர் போனார். ஜோலார்பேட்டை வரைக்கும் நான் கூடப் போனேன். அங்கே பெங்களூர் ரயில் மாற வேண்டும். பெங்களூரில் பட்டாள முகாமான தண்டில் சேர்ந்து பம்பாய், பிறகு கப்பல். எஞ்சின் தண்ணீர் பிடித்துக்கொண்டு நின்ற நேரம் முழுவதும், ஏறின பிறகு சாப்பிட வேண்டிய பொட்டலம் எது, முதலில் கெட்டுப்போவது எது என்பதைப் பற்றியே பேசினோம்.

அவர் போன பிறகுதான் வயிற்றில் குழந்தை இருப்பது எனக்கு உறுதியானது. எழுதினேன். கடிதம் போய்ச் சேர்ந்து பதில் வர வாரக்கணக்காகும். வந்த பதிலில் ஸ்தோயிக்கர் ஒருவரும் இல்லை. கால் நிலத்தில் பாவாத ஒரு மனிதர்தான் இருந்தார்.

வேலூர் ஆஸ்பத்திரியில் பெண் பிறந்தாள். நான் பள்ளிக்கூடம் போகிற நேரம் அக்காவிடம் விட்டுவிட்டுப் போவேன். ஹக்கீமின் மருந்து டப்பாக்களுக்கு நடுவில்தான் அவள் தவழக் கற்றுக்கொண்டாள். மாலையில் அவளைத் தூக்கினால் ரோஜாப்பூவும் சோம்பும் கலந்த வாசனை வரும். எங்கள் தெருவில் தோல் நாற்றம் படாத ஒரே பொருள் அவள்தான் என்று எனக்குப் பெருமை. ஆற்று மணலில் உட்காரவைத்தால் இரண்டு கையிலும் மணலை அள்ளிக்கொண்டு, விடமாட்டேன் என்று முறைப்பாள்.

யுத்த ஜுரம் என்று ஜனங்கள் பெயர் வைத்த அந்தக் காய்ச்சல் வந்தபோது அவளுக்கு இன்னும் ஒரு வயது ஆகவில்லை. தெருவில் வீட்டுக்கு வீடு படுத்திருந்தார்கள். ஹக்கீமும் பார்த்தார், மிஷன் டாக்டரும் பார்த்தார். ஒன்றும் கேட்கவில்லை. அக்காவின் மடியிலும் என் மடியிலுமாக மாறி மாறி இருந்தவள், என் மடியில் இருக்கும்போது போனாள்.

அவருக்கு எழுதினேன். என் கடிதம் கடலில் போய்க்கொண்டிருந்தபோது, அவருடைய கடிதங்கள் எதிரே வந்துகொண்டிருந்தன. பல் முளைத்ததா? யார் ஜாடை? அப்பா என்று சொல்லக் கற்றுக்கொடுத்தாயா? அவள் போன பிறகும் வெகுநாள் வரைக்கும் தபால்காரர் இந்தக் கேள்விகளைக் கொண்டுவந்து கொடுத்தார். இந்த ஒன்றைத் தாங்க எந்த ஊர் ஞானியும் எனக்குப் பயிற்சி கொடுக்கவில்லை.

நான் சாப்பாட்டை விட்டேன். பேச்சை விட்டேன். அக்கா ஹக்கீமைக் கூட்டிக்கொண்டு வந்தாள். அவர் நாடி பார்த்தார், கண்ணைப் பார்த்தார். "இது சவ்தாம்மா. கருப்புப் பித்தம். அது ஜாஸ்தியானா துக்கம் ஒடம்புலயே உக்காந்துக்கும். பொய்த் துக்கம் இல்ல, மெய்யான துக்கம்தான். ஆனா அதுக்கும் மருந்து இருக்கு. எங்க யூனானி முறையில இதுக்குன்னு தனியாவே சொல்லிருக்கு" என்றார்.

ஏதாவது கேட்கவேண்டுமே என்று, "யூனானின்னா இன்னா?" என்று கேட்டேன்.

"யூனான் தேசத்து வைத்தியம். இங்கிலீஷ்காரன் அதைத்தான் கிரீஸுன்னு சொல்றான்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பல நாளைக்குப் பிறகு வந்த சிரிப்பு, அக்கா பயந்துபோனாள். அன்று சன்னலோரத்தில் உட்கார்ந்திருந்தவர் கிரேக்கர்களைத் தேடிக் கடல் தாண்டிப் போயிருக்கிறார். அவர்களோ ஒரு சுவருக்கு அந்தப்பக்கம் டப்பா டப்பாவாக இருந்திருக்கிறார்கள். அந்தத் தேசத்து ஞானிகள் துக்கம் உன் எண்ணத்தில் இருக்கிறது, எண்ணத்தைத் திருத்து என்றார்களாம். அதே தேசத்து வைத்தியர்களோ அது உடம்பில் இருக்கிறது, ஷர்பத் குடி, விடியற்காலையில் ஆற்று மணலில் நட, தனியாகப் படுக்காதே என்கிறார்கள். நான் வைத்தியர்கள் சொன்னபடி கேட்டேன். அக்கா தன் கட்டிலுக்குப் பக்கத்தில் எனக்குப் பாய் போட்டாள்.

யுத்தம் முடிந்து அவர் வந்தார். ஆம்பூர் ஸ்டேஷனில் இறங்கினவரை முதலில் அடையாளம் தெரியவில்லை. மண்ணீரல் வீங்கி, கண் மஞ்சளாகி, காலர் கழுத்தில் நிற்காமல் இருந்தது. கிரீஸுக்குப் போகவில்லை. பஸ்ராவில் பாதி நாள் காய்ச்சலோடு ஆஸ்பத்திரியில் கிடந்திருக்கிறார்.

வீட்டுக்குப் போகலாம் என்றேன். "மொதல்ல அங்க போலாம்" என்றார். கல்லறைத் தோட்டத்துக்குக் கூட்டிப்போனேன். சின்ன மேடு, புல் வளர்ந்திருந்தது. அவர் அழவில்லை. கையில் உள்ளது, கையில் இல்லாதது என்று இப்போது ஆரம்பித்தால் இந்த மனிதரை இங்கேயே விட்டுவிட்டுப் போய்விடுவேன் என்று நினைத்தேன். அவர் ஆரம்பிக்கவில்லை. புல்லைக் கொஞ்ச நேரம் தடவிக்கொண்டிருந்தார்.

அன்று மாலை, கைகால் கழுவிக்கொண்டு வந்து உட்கார்ந்தவர், நாளை விசாரிக்கவில்லை. "அவ சிரிச்ச மொகமா, உம்முன்னு இருப்பாளா?" என்று கேட்டார்.

"காலைல உம்முன்னு இருப்பா. குளிச்சா சிரிப்பா."

பிறகு சொன்னார்: "நான் எல்லாத்தையும் ஒத்திகை பாத்து வெச்சிருந்தேன். கப்பல் முழுகறது, குண்டு படறது, நீ இல்லாமப் போறது. தெனமும் ஒண்ணு. இவள எப்படிப் பாக்கிறது? மொகமே தெரியாதே. இழக்கறதுக்குக் கூட என்கிட்ட அவ இல்ல."

அதற்குப் பிறகு தினமும் மாலையில் ஒன்று கேட்பார். நான் ஒன்று சொல்வேன். பட்டை வண்டி போனால் தும்முவாள். குப்புறப் படுத்தால்தான் தூக்கம். காக்காய் கத்தினால் பதிலுக்குக் கத்துவாள். பள்ளிக்கூடத்து மணி அடித்தால் அழுவாள், நான் கிளம்பப்போகிறேன் என்று தெரிந்து. அக்காவின் கண்ணாடி வளையலை வாயில் வைத்து உடைத்து, ஹக்கீமைப் பதறவைத்தாள். நான் சொல்லும்போது அவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்பார். அந்த நேரத்தில் அவர் முகத்தில் இருந்த ஏக்கத்தை எழுத எனக்குத் தெரியவில்லை. பசித்தவன் சாப்பிடுகிற மாதிரி என்று எழுதிவிட்டு அடித்துவிட்டேன். பசித்தவனுக்குச் சாப்பிட்டால் தீரும்.

ஒரு நாள் என்னிடம் ஒன்றும் மிச்சமில்லை.

"இன்னும்?" என்றார்.

"அவ்ளோதாங்க. அவ இருந்ததே கொஞ்ச நாள்தான்."

அவர் தலையாட்டினார். பிறகு, "சரி. அப்போ மொதல்லேர்ந்து சொல்லு" என்றார்.

முதலிலிருந்து சொன்னேன்.

எங்களுக்கு வேறு குழந்தை பிறக்கவில்லை. அவர் மண்டிக்குத் திரும்பவில்லை. மதராஸுக்குப் போய்ப் படிப்பை முடித்தார். வாணியம்பாடியில் முஸ்லிம்கள் நடத்தின கல்லூரியில் இங்கிலீஷும் தர்க்கமும் சொல்லிக்கொடுக்கும் வேலை கிடைத்தது. தினமும் ரயிலில் போய் வருவார். முதல் வாரமே உற்சாகமாகத் திரும்பி வந்தார். கிரேக்க ஞானிகளைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தாராம். உருதுப் பையன்கள், "இவங்கள எங்களுக்கும் தெரியும் சார், எங்க கிதாபுல வேற பேர்ல இருக்காங்க" என்றார்களாம். அங்கே அரபி சொல்லிக்கொடுத்த மௌல்வி ஒருவர் அவருக்குத் தோஸ்த் ஆகிவிட்டார். மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் இரண்டு பேரும் உட்கார்ந்து, கிரேக்கர் சொன்னது அரபிக்கு எப்படிப் போயிற்று, அங்கிருந்து எங்கெல்லாம் போயிற்று என்று வாதாடுவார்களாம். மீன் குழம்பு ஆறிப்போய்த் திரும்பி வரும்.

ஒரு முறை வகுப்பில் ஒரு மாணவன் கேட்டானாம், உங்கள் ஸ்தோயிக்கர்கள் சொந்தக்காரர் செத்தாலும் அழக்கூடாது என்றார்களாமே, நிஜமா சார் என்று.

"இன்னா சொன்னீங்க?" என்றேன்.

"எழுதி வெச்சிருக்கறதப் பாத்தா அப்படித்தான் இருக்கும். ஆனா அத எழுதினவங்க வூட்டுக்குள்ள நாம போய்ப் பாக்கலியேன்னு சொன்னேன்."

அவரை அந்த ஞானிகள் விட்டுப்போகவில்லை. கோபம் வந்தால் அடக்கிக்கொள்ள, இல்லாததற்கு அலையாமல் இருக்க, யாரைக் கண்டும் பயப்படாமல் இருக்க, கடைசி வரைக்கும் அவர்கள் உதவினார்கள். எனக்கும் கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருக்கிறது. பரீட்சைக்குப் பயந்து அழுகிற பெண்களிடம், "படிக்கிறது ஒன் கையில, மார்க்கு ஒன் கையில இல்ல" என்று நானே சொல்லிக்கொண்டிருக்கிறேன். ஆனால் குழந்தையைப் பற்றிய அந்த மாலை நேரக் கேள்வியை மட்டும் அவர் எந்த ஞானியிடமும் கேட்டுவிட்டுக் கேட்கவில்லை.

பஸ்ராவில் பிடித்த காய்ச்சல் வருஷா வருஷம் வந்து போய்க்கொண்டிருந்தது. ஒரு வருஷம் அது போகவில்லை. வேலூர் ஆஸ்பத்திரியில், நல்ல வெயில் நேரத்தில், என் கையைப் பிடித்துக்கொண்டே இறந்தார். அவருக்கு முன்பே ஹக்கீம் போய்விட்டார். அக்கா வாணியம்பாடியில் மகன் வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தாள்.

போன மாதம் அக்காவைப் பார்க்கப் போயிருந்தேன். கண் பார்வை கம்மியாகிவிட்டது. என் முகத்தைக் கையால் தடவிப் பார்த்துத்தான் அடையாளம் கண்டாள். பழைய கதையெல்லாம் பேசினோம். நான் கிளம்ப எழுந்தபோது முந்தானையைப் பிடித்து நிறுத்தினாள்.

"தங்கச்சி, ஒண்ணு சொல்லணும். இத்தினி நாளா சொல்லல. பாப்பா ஒரு தபா தானா எழுந்து நின்னா. நீ ஸ்கூலுக்குப் போயிருந்தே. எங்க வூட்டுல, மருந்துப் பெட்டியப் புடிச்சுக்கிட்டு. அப்புறம் கைய வுட்டுட்டு நின்னா. என்னப் பாத்துச் சிரிச்சா. மொதத் தபா நின்னத பெத்தவதான் பாக்கணும், நாளைக்கு உன் எதிர்லயே நிப்பான்னு சொல்லாம வுட்டுட்டேன். மறுநாளே காச்சல் வந்துடுச்சு. அப்புறம் எப்படிச் சொல்றது? வாய் வர்ல."

"கைய வுட்டுட்டா நின்னா?" என்று கேட்டேன்.

"கைய வுட்டுட்டுத்தான். அல்லா மேல ஆணை."

எவ்வளவு நேரம் நின்றாள், என்ன பாவாடை போட்டிருந்தாள், விழுந்தாளா, தானாக உட்கார்ந்தாளா என்று கேட்டேன். அக்காவுக்குத் தெரிந்ததைச் சொன்னாள். உட்கார்ந்தாளாம், மெதுவாக, பெரிய மனுஷி மாதிரி.

ரயிலில் சன்னலோரம் இடம் கிடைத்தது. ஆறும் தென்னந்தோப்பும் தோல் காயப்போட்ட களங்களும் போய்க்கொண்டிருந்தன. எதுவும் மனதில் பதியவில்லை. அவள் நின்றாள், கையை விட்டுவிட்டு நின்றாள் என்பதையே சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்தேன். அவரிடம் எங்கிருந்து ஆரம்பிப்பது, மருந்துப் பெட்டியிலிருந்தா, சிரிப்பிலிருந்தா என்று யோசித்தேன். ஆம்பூரில் இறங்கி வேகமாக நடந்தேன். எதிரே வந்த பள்ளிக்கூடத்துப் பெண்கள் வணக்கம் சொன்னதற்குக்கூட நின்று பதில் சொல்லவில்லை. வீட்டு வாசலுக்கு வந்து, காலையில் நானே பூட்டிப்போன பூட்டைத் திறக்கச் சாவியைத் தேடும்போதுதான் மூச்சு வாங்குவது தெரிந்தது.